மாமாவுக்கு வசனம் கிடையாது

என் அக்கா வீட்டுக்காரர் ஃபங்க் என்ற ஆட்ட இசையில் கிட்டார் வாசிப்பவர். அந்த வாசிப்பில் ராகம் இழுப்பதெல்லாம் கிடையாது. வலது கை ஓயாமல் கம்பிகளை உரசிக்கொண்டே இருக்கும். இடது கை பாதி நேரம் சத்தத்தை அமுக்கிவிடும். மிச்சம் கேட்பது 'சக்கு சக்கு' என்று ஒரு துடிப்புதான். அதைக் கேட்டும் கால் ஆட்டாமல் உட்கார்ந்திருப்பவர் டாக்டரைப் பார்ப்பது நல்லது.

நடன விடுதிகளில் ஆரம்பித்து, ஒலிப்பதிவுக் கூடங்களுக்கு வந்து, பிறகு சினிமாப் பின்னணி இசைக்குள் நுழைந்தார். திரையில் கார் துரத்தினாலும் திருடன் மாடி தாவினாலும் பின்னால் ஓடுவது மாமாவின் வலது கைதான். ஊரே கேட்ட கை. ஒருவரும் பார்க்காத முகம். அதில் அக்காவுக்குத் தீராத ஆற்றாமை. மாமாவுக்கு அது உறைத்ததாகவே தெரியவில்லை.

அப்படிப்பட்டவருக்கு ஒரு படத்தில் முதல் முறையாக ஒரு வேடம் கிடைத்தது. உணவகத்தில் கதாநாயகன் தன் செத்துப்போன அம்மாவைப் பற்றிச் சொல்லி அழ, எதிரே உட்கார்ந்து கேட்கும் அந்நியர். வசனம் கிடையாது. அதற்குள் அக்கா சொந்தபந்தம், மாடி வீட்டம்மா என்று எல்லோரிடமும் தம்பட்டம் அடித்துவிட்டாள். அந்தப் படத்தின் எடிட்டர் நான்.

காட்சி படுத்துவிட்டது. கதாநாயகனின் அழுகை சுத்தக் கழுத்தறுப்பு. சாயங்காலத்துக்குள் தேறவில்லை என்றால் மொத்தத்தையும் தூக்கிவிடும்படி இயக்குநர் எரிந்து விழுந்தார். படம் எக்கேடு கெட்டால் என்ன, அக்காவுக்கு யார் பதில் சொல்வது?

கதவைச் சாத்திக்கொண்டு எல்லா டேக்குகளையும் போட்டுப் பார்த்தேன். கதாநாயகன் ஒவ்வொன்றிலும் ஒரு மாதிரி. மாமா மட்டும் ஒரே மாதிரி. மரம் மாதிரி உட்கார்ந்திருக்கிறாரே என்று திட்டிக்கொண்டே, இரண்டு டேக்குகளை ஒன்றன்மேல் ஒன்றாக வைத்தேன். மாமா கண் சிமிட்டினார். இரண்டிலும் ஒரே ஃப்ரேமில், நொடியின் இருபத்து நாலில் ஒரு பங்குகூடப் பிசகாமல். கோப்பையைத் தொட்டதும் ஒரே ஃப்ரேம். தலை தாழ்ந்ததும் அப்படியே. மூன்றாவது டேக்கை வைத்தேன். அதிலும் அதே. மனிதர் சும்மா உட்காரவில்லை. கிட்டார் இல்லாமலே வாசித்துக்கொண்டிருக்கிறார்.

அதன்பிறகு கை தானாக ஓடியது. மாமாவைத் தொடாமல் ஓடவிட்டு, கதாநாயகனின் பேச்சை அவருடைய தாளத்துக்குள் வெட்டி வெட்டிச் செருகினேன். ஒரு சிமிட்டலுக்குப் பின் ஒரு வாக்கியம், ஒரு மௌனத்துக்குப் பின் 'அம்மா' என்ற சொல். கேட்டுக் கேட்டுச் சலித்த வசனம்தான். எனக்கே கண் நிறைந்துவிட்டது.

இயக்குநர் பார்த்தார். ஹீரோ பிரமாதம் என்றார். ஹீரோ இப்படி வெளுத்து வாங்கும்போது கிட்டார்காரர் எதற்கு, முழுக்க ஹீரோ முகத்திலேயே இருக்கட்டும் என்றார். பல்லைக் கடித்துக்கொண்டு, அவர் கண் முன்னாலேயே மாமாவை எடுத்துவிட்டு ஓட்டினேன். அதே அழுகை, அதே சொற்கள். பாதியில் இயக்குநர் கொட்டாவி விட்டார்.

"என்ன பண்ணினீங்க? இப்பதானே நல்லா இருந்தது?"

"கிட்டார்காரரை எடுத்துட்டேன் சார். வேற ஒண்ணும் பண்ணல."

அவர் இன்னொரு தடவை ஓட்டச் சொல்லிப் பார்த்தார். பிறகு மாமாவைத் திரும்பப் போடச் சொன்னார். காட்சி மாமாவின் முகத்தில் தொடங்கி அந்த முகத்திலேயே முடியட்டும் என்றார்.

வெளியே வந்து மாமாவுக்கு ஃபோன் போட்டேன். உள்ளுக்குள் என்னதான் எண்ணிக்கொண்டிருந்தீர்கள் என்று கேட்டேன்.

"எண்ணவெல்லாம் இல்லம்மா. பாவம், அந்தப் பையன் அழ வராம தவிச்சான். தாளத்துல எங்க வேணா வந்து சேரட்டும்னு இடம் விட்டு உட்கார்ந்திருந்தேன்."

அதற்குள் அக்கா ஃபோனைப் பிடுங்கிக்கொண்டாள். "மூஞ்சி இருக்காடி?"

"இருக்குக்கா. கடைசி வரைக்கும் இருக்கு."

"இருக்காம்ங்க" என்று அவள் மாமாவிடம் சொல்வது கேட்டது. பின்னால் மாமா அழும் சத்தம். தாளம் தப்பி அழுதார்.