யாருக்கும் வேண்டாத நேரம்

இளமதியின் கைப்பையில் இருந்த சோப்பு டப்பாவுக்குள் சோப்பு இல்லை. ஒரு பழைய செல்போன் பேட்டரியும், தாமிரச் சுருளும், கல்லூரி ஆய்வுக்கூடத்தில் கழித்துப்போட்ட மீட்டர் ஒன்றின் முள்ளும் இருந்தன. கடலூரில் ஒரு தனியார் கல்லூரியின் ஆய்வுக்கூடத்தில் வேலை பார்த்துக்கொண்டே, யாருக்கும் சொல்லாமல் அவள் செய்து முடித்த கருவி அது.

வீடு சிதம்பரத்தில், வேலை கடலூரில். பாதி ஆயுள் பஸ்ஸில் போயிற்று. யோசனை வந்ததும் பஸ்ஸில்தான். ராகுகாலத்தில் யாரும் எதையும் தொடங்குவதில்லை. புதுக்கடை திறப்பதில்லை, பத்திரத்தில் கையெழுத்துப் போடுவதில்லை, புது வண்டியின் சாவியைத் திருப்புவதில்லை. ஊரே ஒதுக்கித் தள்ளுகிற அந்த ஒன்றரை மணி நேரம் எங்கே போகிறது? யாருக்கும் வேண்டாததை எடுத்துக்கொண்டால் யாருக்கு நஷ்டம்?

டப்பா இருக்கிற தெருவில் மீந்துபோகும் ராகுகாலத்தை அது உறிஞ்சி வைத்துக்கொள்ளும். பொத்தானை அழுத்தினால் நினைத்த இடத்தில் நிற்பாள். மறுபடி அழுத்தினால், கிளம்பிய கணத்துக்கே, கிளம்பிய இடத்துக்கே திரும்பி வந்துவிடுவாள். சேர்ந்த நேரம் எவ்வளவோ அவ்வளவுதான் வெளியே இருக்கலாம். மறுநாளுக்குத் தங்காது, ஊசிப்போய்விடும். சனிக்கிழமைகளில் அப்படிப் போய் நூலகத்தில் ஒரு மணி நேரம் படித்துவிட்டு வந்து, பொங்கத் தொடங்கிய பாலை இறக்கியிருக்கிறாள். வீட்டில் ஒருவருக்கும் தெரியாது. தெரியாமல் இருப்பதுதான் அந்தக் கருவியின் அருமை என்று அவள் நினைத்திருந்தாள்.

இரண்டாயிரத்துப் பதினொன்று, ஆவணி மாதம், ஒரு வெள்ளிக்கிழமை. கொழுந்தன் சித்தார்த்துக்குக் கடலூர் முதுநகரில் பெண் வீட்டில் நிச்சயதார்த்தம். ராகுகாலம் கழிந்து, பன்னிரண்டு மணிக்கு மேல் தட்டு மாற்றுவது என்று ஏற்பாடு. அதே நாள் பன்னிரண்டரைக்குச் சிதம்பரத்தில், பல்கலைக்கழகத்தில், பகுதிநேர முனைவர் படிப்புக்கு அவளுக்கு நேர்காணல். இந்த வருஷம் விட்டால் வயது வரம்பு தாண்டிவிடும். அவள் கவலைப்படவில்லை. டப்பா இருக்கிறதே.

மாப்பிள்ளை வீட்டார் காலையிலேயே வந்து, பெண் வீட்டுக்கு எதிர்வீட்டில் இறங்கினார்கள். பத்தரைக்கு இளமதி பின்கட்டுக்குப் போய் டப்பாவைத் திறந்து வைத்தாள். முள் அசையவில்லை. பேட்டரியைக் கழற்றி மாட்டினாள். கொஞ்சம் பொறுத்துப் பார்த்தாள். முள் செத்த பல்லி மாதிரிக் கிடந்தது.

வாசலுக்கு வந்து எட்டிப் பார்த்ததும் காரணம் தெரிந்தது. தெருமுனைக் கோயிலில் துர்க்கைக்கு எதிரே பெண்கள் கூட்டம். அவள் மாமியார் தைலம்மாள் நடுவில் உட்கார்ந்து எலுமிச்சை மூடிகளைப் பிதுக்கித் திருப்பிக்கொண்டிருந்தாள்.

வெள்ளிக்கிழமை ராகுகாலம்! துர்க்கைக்கு விளக்குப் போடுகிற நேரம். கல்யாணத்துக்கு முன்னால் இளமதியே போட்டவள்தான். கடை, பத்திரம், வண்டி என்று ஆண்களின் ஊரை மட்டும் கணக்கில் எடுத்திருக்கிறாள். பெண்கள் அந்த நேரத்தை வைத்துக்கொண்டு என்ன செய்கிறார்கள் என்று ஒரு பெண்ணான அவளுக்கே தோன்றவில்லை. இந்தத் தெருவில் உறிஞ்ச மீந்தது ஒன்றுமில்லை.

வயிற்றுவலி என்று சொல்லிவிட்டு நழுவலாம். முன்பு எத்தனையோ தடவை சொன்ன பொய்தான். ஆனால் இவ்வளவு காலமும், யாருக்கும் உறுத்தாமல் வாழ்வதற்குத்தானே இத்தனை பாடுபட்டோம் என்று நினைத்தபோது தன் மேலேயே அவளுக்குக் கோபம் வந்தது. நேரே கோயிலுக்கு நடந்தாள்.

"வாடி, ஒனக்கும் நாலு மூடி வச்சிருக்கேன்" என்றாள் தைலம்மாள்.

"அத்தை, நான் சிதம்பரம் போறேன். பன்னண்டரைக்கு எனக்கு இன்டர்வியூ. பிஎச்.டி. படிக்கப் போறேன்."

"இன்னாடி சொல்ற? மொதத் தட்டு மூத்த மருமவதான் தூக்கணும். நம்ம வழக்கம் தெரியாதா?"

"உங்க மூத்த மவன் தூக்கட்டும். ரெண்டு கையும் நல்லாத்தான இருக்கு?"

சுற்றியிருந்தவர்கள் சிரித்துவிட்டார்கள். பெண்ணின் பெரியம்மா செல்லாயி முகவாயில் கைவைத்தாள். "சம்பந்தி, ஒங்க மருமவ எங்க பொண்ணுக்கு இப்பவே பாடம் எடுக்குறாளே!"

"ராகுகாலத்துல கெளம்புறவள நான் இன்னிக்கித்தான் பாக்குறேன்" என்றாள் தைலம்மாள். "போற காரியம் வெளங்கவா?"

"நீங்க இந்த நேரத்துலதான அத்தை வேண்டிக்கிறீங்க? எனக்கும் சேத்து ஒரு விளக்கு ஏத்துங்க."

தைலம்மாளின் கையிலிருந்த மூடி நசுங்கியது.

பையை எடுக்க வந்தவளைக் கணவன் கதிர்வேல் வாசலில் மறித்தான். செய்தி அதற்குள் வந்து சேர்ந்திருந்தது. "நேத்தே சொல்லியிருக்கலாம்ல?"

"சொல்லியிருந்தா இன்னா சொல்லியிருப்பீங்க?"

அவன் செருப்பைப் பார்த்தான். "வேணாம்னுதான்."

"அதான் சொல்லல. தப்புதான். இப்ப சொல்றேன்."

உள்ளேயிருந்து சித்தார்த் குரல் கொடுத்தான். "வுடுண்ணா, தட்டு என்ன தேரா, ஊரே சேந்து இழுக்க? அண்ணி, போயிட்டு வாங்க."

கதிர்வேல் விலகவும் இல்லை, கை நீட்டித் தடுக்கவும் இல்லை. அவள்தான் அவனைச் சுற்றிக்கொண்டு இறங்கி நடந்தாள். சிதம்பரம் பஸ்ஸில் உட்கார இடமில்லை. ஆலப்பாக்கம் வரைக்கும் கம்பியைப் பிடித்தபடி நின்றாள். திரும்பிப் போனதும் என்னென்ன பேச்சு கேட்க வேண்டியிருக்கும் என்பது தெரிந்திருந்தது. இந்தப் பயணத்தின் ஒவ்வொரு நிமிஷத்துக்கும் ஆள் வைத்துக் கணக்குக் கேட்பார்கள். கேட்கட்டும். புதுச்சத்திரம் தாண்டியபோது உட்கார இடம் கிடைத்தது.

நேர்காணல் அறையில் மூன்று பேர் இருந்தார்கள். கேள்விகளுக்கு அவள் நன்றாகவே பதில் சொன்னாள். கடைசியாக, நடுவில் இருந்த பேராசிரியர் மூக்குக்கண்ணாடியைக் கழற்றினார்.

"பகுதிநேரம்னாலும் வாரத்துல ரெண்டு நாள் இங்க வந்தாகணும்மா. வேலை, குடும்பம் எல்லாம் இருக்கு. வீட்ல ஒத்துக்குவாங்களா?"

'சமாளிச்சுக்குவேன் சார்' என்ற வாக்கியம் பழக்கத்தில் நாக்கு நுனிக்கு வந்தது. இளமதி அதை விழுங்கினாள்.

"இன்னும் ஒத்துக்கல சார். ஆனா அவுங்களுக்குத் தெரியும். நான் வருவேன்."