கை காட்டிய கை

1
இந்தக் கதை என் மகளின் பள்ளி மைதானத்தில் கிடைத்தது. காலிப் பேருந்து ஒன்றை நிறுத்திவைத்து, பேருந்து நிறுவனத்துப் பயிற்சியாளர் ஒருத்தி பிள்ளைகளுக்கு ஏறி இறங்கக் கற்றுக்கொடுத்தாள். ஓட்டுநர் இருக்கையில் அவள் கணவர். குடும்பக் கதை எழுதுகிறவளுக்கு இது போதாதா? மற்றதெல்லாம் கற்பனை.

2
'கண்ணாடியில் அவர் அவளைப் பார்த்தார். அவளும் வெட்கத்துடன்...'
(அடித்துவிட்டேன். இதில் ஒரு குழந்தை சாகப்போகிறது.)

3
"பஸ்ஸுக்கு முன்னாடி குறுக்க ஓடாதீங்க. டிரைவர் மாமா கை காட்டினா மட்டும் போங்க."
முதல் வரி நிறுவனத்தின் பாடம். இரண்டாவது வரி அவளாகச் சேர்த்தது, தன் கணவரை மனதில் வைத்து. அவர் கை காட்டினால் கண்ணை மூடிக்கொண்டு போகலாம் என்று நம்பினாள்.*
ஒரு மாலை அவர் கை காட்டினார். பள்ளிச் சிறுமி ஒருத்தி கடந்தாள். பேருந்தை முந்திக்கொண்டு வந்த லாரி
(முடிக்கமாட்டேன்.)

*நிற்கும் பேருந்து குழந்தையை மறைத்துவிடும். அது கிளம்பிப் போனபிறகுதான் கடக்க வேண்டும்.

4
லாரிமேல்தான் குற்றம் என்றார்கள். ஆனாலும் அவர் சாலையில் ஓட்ட மறுத்துவிட்டார்.
"சிரிச்சிக்கிட்டே போனாடி அவ."
"சாப்பிடுங்க."
"தப்பு என்னுதுன்னு நீயாவது சொல்லேன்."
"அந்தக் கைய நம்பச் சொன்னதே நான்தானே?"
இங்கே அவளை அவர் தோளில் சாய்த்துவிட என் கை பரபரத்தது. பழக்கதோஷம். தட்டில் சோறு காய்ந்தது.

5
விபத்துக்குப் பின் முதல் வகுப்பு. நிற்கிற பேருந்து என்பதால் அவரும் வந்திருக்கிறார்.
"மிஸ், எங்கண்ணன் ஓடுற பஸ்லயே தொத்துவான். ஹீரோ!"
"ஹீரோவுக்குக் கால் வேணாமாடா?"
எல்லோரும் சிரிக்கிறார்கள். முன்வரிசைச் சிறுமி மட்டும் கை தூக்குகிறாள்.
"மிஸ், டிரைவர் மாமா கை காட்டினா போலாமா?"
ஓட்டுநர் ஜன்னல் திறந்திருக்கிறது. ஸ்டியரிங்கில் அவர் விரல்கள் இறுகுகின்றன.

6
'போலாம்' என்றால் அவருக்கு மூச்சு வரும். நாளை எங்கோ ஒரு பிள்ளை அதை நம்பிச் சாலையில் இறங்கும். 'யார் காட்டினாலும் கூடாது' என்றால் பிள்ளைகள் பிழைத்துக்கொள்வார்கள். அவர்?
மூன்றாவது முடிவைத் தேடினேன். கிடைக்கவில்லை. அவள் வாய் திறக்கிறாள், குரல் வரவில்லை. எனக்கும்தான்.
நீங்கள் சொல்லிவிடுங்கள். உரக்கச் சொல்லுங்கள், பின்வரிசைக்கும் கேட்க வேண்டும்.
அவருக்கும் கேட்கும்.