பொய்யிட்டு வாறம்

கார்த்திகேசு செத்து ஓராண்டு நிறைகிற திதி, போயும் போயும் ஊர்க்காரி சந்திரவதனாவின் மகள் பெரியபிள்ளையான சாமத்தியச் சடங்கு நாளில் வந்து விழுந்தது. திதி பஞ்சாங்கத்தைப் பார்த்து வருகிறது. சாமத்தியச் சடங்கு மண்டபம் கிடைக்கிற நாளைப் பார்த்து வருகிறது. இரண்டும் மோதினால் லண்டனில் எது வெல்லும் என்று அறியச் சாத்திரியாரிடம் போகத் தேவையில்லை. ஒரு பக்கம் பல்லக்கு, புகை கக்குகிற இயந்திரம், ஆளுயரக் கேக், மூன்று வீடியோக்காரர். மறுபக்கம் ஈஸ்ட் ஹாமில் ஒரு சின்ன வீடு, மாலை போட்ட ஒரு படம், கத்தரிக்காய்ப் பால்கறி.

ஆண்டுத் துவசத்துக்கு வருகிறோம் என்று சொன்னவர்கள் வெள்ளிக்கிழமை பின்னேரம் தொடக்கம் தொலைபேசியில் ஒவ்வொருவராகக் கழன்றார்கள். கடைசியாகக் கழன்றவர் நவரத்தினம். கார்த்திகேசுவோடு ஒரே வகுப்பில் படித்தவர். லண்டனுக்கு வந்த புதிதில் ஒரே அறையில் படுத்தவர். அப்போது அவரிடம் இரவல் வாங்கிய குளிர்ச்சட்டையை இன்னும் போட்டுக்கொண்டு திரிகிறவர்.

"தங்கச்சி, குறை நினைக்காதையும். துவசச் சாப்பாடு சாப்பிட்டிட்டு அந்தக் கையோடை சடங்கு மண்டபத்துக்கை போகேலாது. சனம் கதைக்கும்."

"அப்ப மண்டபத்துக்குப் போகாமல் இஞ்சை வாங்கோவன் அண்ணை" என்றாள் கார்த்திகேசுவின் மனைவி கலாவதி.

"அதெப்பிடி? சந்திரவதனா கோவிப்பா."

"இவர் கோவிக்கமாட்டார் எண்ட தைரியம் போலை."

நவரத்தினம் சிரித்துச் சமாளித்துவிட்டுத் தொலைபேசியை வைத்தார். அடுப்பில் பாயாசத்துக்குச் சவ்வரிசி வெந்துகொண்டிருந்தது.

கலாவதி கேட்டது பெரிய காரியம் ஒன்றுமில்லை. இது கார்த்திகேசுவின் நாள் என்று தெரிந்துகொண்டு நாலு பேர் இருந்து அவருடைய சோற்றைச் சாப்பிட வேண்டும். அவ்வளவுதான். அதற்குக்கூட ஆள் கிடைக்கவில்லை என்பதுதான் அவளைச் சுட்டது.

செத்த வீட்டில், துவச வீட்டிலுங்கூட, விடைபெறும்போது 'போயிட்டு வாறன்' என்று சொல்லக்கூடாது; சாவை மறுபடி கூப்பிடுவதுபோல ஆகிவிடும் என்பது எங்கள் சனத்தின் நம்பிக்கை. கார்த்திகேசுவின் செத்த வீட்டுக்கு வந்தவர்களும் வாசலில் வாயை இறுக்கி மூடிக்கொண்டு மெல்ல நழுவினார்கள். வாறம் என்று சொல்லாமற் போனவர்கள், அந்தச் சொல்லாத சொல்லைக் காப்பாற்றி, ஓராண்டாக வராமலே இருந்தார்கள். கார்த்திகேசு இதற்கு நேர்மாறு. தபால் பிரிக்கும் நிலையத்தில் அவருக்கு விடியற்புற ஷிப்ட். சப்பாத்து நாடாவைக் கட்டியபடி ஒவ்வொரு நாளும் 'போயிட்டு வாறன்' என்பார். கடைசி நாளும் சொன்னார். மனுசன் அவளிடம் சொன்ன ஒரே பொய் அதுதான்.

சனிக்கிழமை காலை கலாவதி வாழையிலை வாங்க ஹை ஸ்ட்ரீட்டுக்குப் போனாள். நகைக்கடைக்கும் சேலைக்கடைக்கும் நடுவில், சனத்தின் தலைகளுக்கு மேலால் ஒரு மஞ்சள் கொடி ஆடிக்கொண்டு வந்தது. கொடிக்குக் கீழே புவனேசன்.

புவனேசன் கார்த்திகேசுவின் தம்பி. காப்புறுதிக் கம்பனி ஒன்றில் கணினி வேலை. கம்பனி அவனை ஒரு வாரம் ஜப்பானில் ஒசாகா நகரத்துக்கு அனுப்பியது. அங்கே கொடி பிடித்த ஒரு பெண்ணுக்குப் பின்னால் சந்து சந்தாக நடந்து, ஒக்டோபஸ் உருண்டையை ஊதி ஊதித் தின்று, உள்ளூர் வாழ்க்கையைக் கண்டுவிட்டு வந்தான். வந்ததிலிருந்து கொடி அவனைப் பிடித்துவிட்டது. பேய் பிடித்திருந்தால் வேப்பிலை அடிக்கலாம். சனிக்கிழமைதோறும் ஊர்பேர் தெரியாத ஏழெட்டுப் பேரைச் சேர்த்து, 'ஈஸ்ட் ஹாமின் இரகசியச் சுவைகள்' என்று கூட்டிக்கொண்டு திரியத் தொடங்கினான். அன்று விடியக் கோயிலில் ஐயர் சொன்ன மந்திரத்தைக் கைக்கடிகாரத்தைப் பார்த்தபடி திருப்பிச் சொல்லி, அண்ணனுக்குச் செய்யவேண்டியதைச் செய்து முடித்தபோதும் கொடி பையிலிருந்து எட்டிப் பார்த்துக்கொண்டுதான் இருந்தது. "பின்னேரம் வந்து சாப்பிடுறன் அண்ணி" என்று ஓடியவன் அவன்.

கூட்டம் பரமேஸ்வரனின் றோல்ஸ் கடைக்குள் நுழைந்தது. இலைக்கட்டோடு நின்ற கலாவதி வாசலில் ஒதுங்கி நின்று பார்த்தாள்.

"என்ன புவனேசன், இண்டைக்கு எத்தினை உருப்படி மேய்ச்சலுக்கு?" என்றார் பரமேஸ்வரன்.

"கடை முதலாளி உங்களைத் தொன்மையான முறையில் வரவேற்கிறார்" என்று புவனேசன் ஆங்கிலத்தில் மொழிபெயர்த்தான். "ஒசாகாவிலும் இப்படித்தான். கடைக்காரருக்கும் வாடிக்கையாளருக்கும் இடையில் ஓர் ஆன்மிக உறவு. இந்த மட்டன் றோல்ஸ் எங்கள் அரசர்கள் போருக்குப் போகுமுன் உண்டது."

"ராசாவோ? காலமை பிரீசருக்காலை எடுத்தனான்" என்றார் பரமேஸ்வரன், பேப்பர்த் துண்டை நீட்டியபடி.

வெளியே வரும்போது புவனேசன் கொடியை உயர்த்தினான். ஒவ்வொரு கடையிலும் தமிழில் விடைபெற வேண்டும் என்பது அவன் வகுத்த சட்டம். எல்லோரும் ஒன்றாக: போயிட்டு வாறம். அந்தக் கூட்டத்தில் பீற்றர் என்றொரு வெள்ளைக்காரர் இருந்தார். ஓய்வுபெற்ற பஸ் சாரதி, வயிறு முன்னே வர ஆள் பின்னே வருகிறவர். அவருக்கு 'போ'வின் நெடில் வரவில்லை.

"பொய்யிட்டு வாறம்!" என்றார், கடை அதிர.

பரமேஸ்வரன் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "ஐயா சரியாத்தான் சொல்லுறார். உம்மோடை திரியிறவை வேறை என்னத்தைச் சொல்லுறது?"

"அவர் உங்கள் உச்சரிப்பைப் பாராட்டுகிறார்" என்றான் புவனேசன்.

அந்த நேரம் பார்த்து அவனுடைய தொலைபேசி அடித்தது. நடையின் கடைசிக் கட்டம் மதியச் சாப்பாடு. அதற்குப் பேசி வைத்திருந்த சாப்பாட்டுக்கடைக்காரர் கூப்பிட்டார். கடையைப் பூட்டிவிட்டாராம். சந்திரவதனாவின் சடங்கு வீட்டுக்கு அவர்தானாம் சமையல். புவனேசனின் முகத்தில் ஒசாகா அஸ்தமித்தது. திரும்பியவன் கண்ணில் வாழையிலைக் கட்டுத்தான் முதலில் பட்டது, அதற்குப் பிறகுதான் அண்ணி பட்டாள்.

"அண்ணி! கடவுளாப் பாத்து அனுப்பினவர்."

"கடவுள் அனுப்பேல்லை. இலைக்கு வந்தனான்."

"சமையல் முடிஞ்சுதோ? எத்தினை பேருக்கு?"

"வாறம் எண்ட ஆக்களுக்கு. இப்ப ஒருத்தரும் இல்லை."

"பாத்தீங்களே! அங்கை ஆளில்லாத சாப்பாடு, இஞ்சை சாப்பாடில்லாத ஆக்கள். கூட்டிக்கொண்டு வரட்டே?"

கலாவதி கூட்டத்தைப் பார்த்தாள். பீற்றர் மீசையிலிருந்த றோல்ஸ் தூளைத் தட்டிக்கொண்டிருந்தார். தொப்பி போட்ட சின்ன உருவம் ஒன்று, நாற்பது வயது மதிக்கத்தக்க பெண், பக்கத்து மரக்கறிக்கடைப் பாகற்காயைத் தூக்கி மணந்து பார்த்துக்கொண்டிருந்தாள். முன்பின் தெரியாதவர்கள். ஆனாலும் பசியோடு நின்றார்கள். அது தெரிந்தவர்களிடம் இல்லாத தகுதி.

"கூட்டிக்கொண்டு வாரும். ஆனால் இது ஆருடைய நாள் எண்டு சொல்லிப்போட்டுத்தான் இலையிலை இருத்த வேணும். ஏலுமோ?"

"ஓம் அண்ணி. ஓம், ஓம்."

உண்மைக்கு ஒரு ஓம் போதும். மூன்று வந்தபோதே அவள் உசாராகியிருக்க வேண்டும்.

எல்லோரும் வீட்டுக்கு வந்ததும் கலாவதி முதற்சோற்றை ஒரு வடையோடு கொண்டுபோய்ப் பின்மதிலில் வைத்தாள். காகம் வரவில்லை. எங்கிருந்தோ கடற்காகம் ஒன்று இறங்கி, வடையைத் தூக்கிக்கொண்டு போனது. கடற்காகமும் பெயரளவில் காகந்தானே என்று அவள் மனதைத் தேற்றினாள்.

"இயற்கையோடு பகிர்ந்து உண்பது எங்கள் பண்பாடு" என்று யன்னலடியில் நின்று புவனேசன் விளக்கினான். எல்லோரும் படம் எடுத்தார்கள்.

முன்னறையில் பாய் விரித்து இலைகள் போட்டிருந்தன. படத்துக்கு முன்னால் தனியாக ஓர் இலை. அதில் சோறு, பால்கறி, பயத்தங்காய், வாழைக்காய்ப் பொரியல். ஓரத்தில், மூலைக் கடையில் பொரித்து வாங்கிய உருளைக்கிழங்குச் சிப்ஸ், வினாகிரி ஊறி.

"அது ஏன் அங்கே?" என்று ஒரு பெண் கேட்டாள்.

"இரு பண்பாடுகளின் சங்கமம்" என்றான் புவனேசன், மூச்சு விடாமல். "படத்தில் இருப்பவர் இந்தச் சமையல் கலையைப் படகில் கடல் கடந்து கொண்டுவந்த முன்னோடி."

கார்த்திகேசு வந்தது விமானத்தில், யன்னலோரம், பக்கத்தில் இருந்தவரின் மடியில் சத்தியெடுத்தபடி. சமையல் என்று பார்த்தால், தண்ணீர் கொதிக்கிறதா என்று மனைவியைக் கூப்பிட்டுக் கேட்கிற ஆள். கலாவதி சோற்றைப் போட்டுக்கொண்டு போனாள். இப்போது சொல்வான், இப்போது சொல்வான் என்று காத்திருந்தாள். புவனேசன் கைகளைத் தட்டினான்.

"ஆக, இதுதான் யாழ்ப்பாணத்து வீட்டில் வழமையான சனிக்கிழமைச் சாப்பாடு. தொடங்கலாம்!"

அகப்பை நின்றது.

"ஒருத்தரும் கை வைக்க வேண்டாம்" என்றாள் கலாவதி ஆங்கிலத்தில். நூலகத்தில் எடுத்த புத்தகங்களோடு ஓராண்டு தனியே இருந்ததில் அவளுடைய ஆங்கிலம் நன்றாகத் தீட்டப்பட்டிருந்தது.

"அண்ணி, சாவெண்டு சொன்னால் சனம் சாப்பிடாது!"

"சாப்பிடாட்டி எழும்பிப் போகட்டும். நவரத்தினத்தார் வராமலே எழும்பிப் போனவர்."

பிறகு அவள் எல்லோருக்கும் பொதுவாகச் சொன்னாள்: "இவர் என் கணவர். பெயர் கார்த்திகேசு. போன வருடம் இதே திதியில் இறந்தார். இது அவருடைய சாப்பாடு. இது தெரிந்து சாப்பிடுகிறவர்கள் சாப்பிடலாம்."

ஒருவரும் எழும்பவில்லை. காலை மடக்கி இருந்தவர்களால் உடனே எழும்ப ஏலாது என்பதும் உண்மைதான். தொப்பிக்காரப் பெண்தான் வாய் திறந்தாள்.

"அவருக்கு அந்தச் சிப்ஸ் பிடிக்குமா?"

"ஊறி நைந்துபோனால் இன்னும் பிடிக்கும்."

"என் அப்பாவுக்கு நாங்கள் தகரப் பேணியில் வரும் கோப்பி வைப்போம். வாயில் வைக்க முடியாது. அவருக்கு அதுதான் பிடித்தது."

"அது எந்த ஊரில்?" என்று பீற்றர் கேட்டார்.

"ஒசாகா."

எல்லாத் தலைகளும் புவனேசன் பக்கம் திரும்பின. காலை முழுக்க அவளைச் சீனத்துப் பெண் என்று நினைத்து அவளுக்கே ஒசாகாவை விளங்கப்படுத்தியவன் அவன். "நான் சொன்ன அந்தச் சந்து..." என்று இழுத்தான்.

"நல்ல சந்து" என்றாள் அவள் மரியாதையாக. "சுற்றுலாக்காரர்கள் நிறையப் போவார்கள். நாங்கள் அந்தப் பக்கம் போவதில்லை."

பீற்றர் இருமுவதுபோலச் சிரித்தார். பிறகு படத்தைப் பார்த்து, "என்ன வேலை?" என்றார்.

"தபால் பிரிப்பது. விடியற்புற ஷிப்ட்."

"அந்த ஷிப்ட்காரர்களை நான் ஏற்றியிருக்கிறேன். ஒருத்தனும் வாய் திறக்கமாட்டான்."

"இவரும் அப்படித்தான். வாசலில் மட்டும் ஒரு சொல் சொல்வார்." கலாவதி அந்தச் சொல்லையும் சொன்னாள்.

"அது எனக்குத் தெரியும்!" என்றார் பீற்றர்.

சாப்பிட்டார்கள். பயத்தங்காயை இரண்டாந்தரம் கேட்டார்கள். புவனேசன் மூலையில் இருந்து, ஒசாகாவின் பெயரை எடுக்காமல், தலையைக் குனிந்துகொண்டு சாப்பிட்டான். அவனும் அன்றைக்குத்தான் அண்ணன் வீட்டில் ஒழுங்காகச் சாப்பிட்டான் என்று சொல்ல வேண்டும்.

வாசலுக்கு வந்தபோதுதான் அவனுக்குச் செத்த வீட்டு வழக்கம் ஞாபகம் வந்தது. கொடியைக் குறுக்கே நீட்டி மறித்தான். "இங்கே மட்டும் வேண்டாம். ஒன்றும் சொல்லாமல் போங்கள். தயவுசெய்து."

"சாப்பிட்ட வீட்டில் சொல்லாமல் போவதா?" என்று பீற்றர் கொடியை விலக்கினார். கலாவதியைப் பார்த்து, பஸ்ஸில் கடைசி ஆசனத்துக்கும் கேட்கிற குரலில், "பொய்யிட்டு வாறம்!" என்றார். பின்னால் நின்றவர்களும் ஆளுக்கொரு விதமாக அதைச் சிதைத்தார்கள். ஒசாகாக்காரி மட்டும் ஓரளவுக்குச் சரியாகச் சொன்னாள்.

ஓராண்டாக அந்த வாசலில் விழாத சொல். பொய்தான். இவர்கள் வரப்போவதில்லை என்று கலாவதிக்குத் தெரியும். ஆனால் வராத மனுசரிலும் சொல்லிவிட்டு வராத மனுசர் ஒருபடி மேல்.

"ஓம், வாங்கோ" என்றாள்.

கூட்டம் தெருமுனைக்குப் போனதும் புவனேசன் குரலைத் தாழ்த்தினான். முகம் மறுபடி வெளித்திருந்தது. "அண்ணி, பாத்தீங்களே? ஆக்கள் உருகிப் போச்சினம். இதை ஒவ்வொரு சனிக்கிழமையும் வைச்சமெண்டால்..."

"உம்முடைய அண்ணன் ஒருக்காத்தான் செத்தவர், புவனேசன். ஒவ்வொரு சனியும் சாக அவருக்கு ஏலாது."

அவன் கொடியைச் சுருட்டினான். ஏதோ சொல்ல வாயெடுத்தான். துவச வீடு என்பது ஞாபகம் வரவே மூடிக்கொண்டு படியிறங்கினான்.

"நில்லும்" என்றாள் கலாவதி. "சொல்லிப்போட்டுப் போம்."

"அண்ணி... துவச வீட்டிலை..."

"வெள்ளைக்காரர் சொல்லிச்சினம். அவருடைய தம்பி, உமக்கு வாயில்லையோ? சொல்லும்."

புவனேசன் அண்ணியைப் பார்க்கவில்லை. அவளுக்குப் பின்னால், திறந்திருந்த கதவினூடே தெரிந்த படத்தைப் பார்த்தான். கையில் கொடி இருந்ததை அப்போதுதான் கண்டவன்போல அதை முதுகுக்குப் பின்னால் மறைத்தான்.

"போயிட்டு வாறன், அண்ணி."

கலாவதி காதைக் கொடுத்துக் கேட்டாள். நெடில்தான்.