காற்று புகுந்த முதுகு

ஜகார்த்தாவில் திரைப்பட விழா நடுவர்கள் மூன்று பேர் நிகேனின் ஆவணப்படத்தைப் பாதி பார்த்துவிட்டு ஒரே குரலில் சொன்னார்கள்: "அம்மா கேமரா முன்னால ஒரு தடவையாவது உடைஞ்சு அழணும்." ஞாயிற்றுக்கிழமைக்குள் அந்தக் காட்சி வந்தால் விழாவில் இடம் உண்டு. இருபத்தேழு வயதில் முதல் படம். அம்மாவை உடைத்துக் கொண்டுவர நிகேன் சொந்த ஊரான சோலோவுக்கு ரயிலேறினாள்.

பதினைந்து வருஷத்துக்கு முன் அப்பா வேறொருத்தியோடு போனபோது அம்மா லஸ்மினிக்கு வந்த மனச்சோர்வுதான் படம். அந்த அம்மாளோ கேமராவைக் கண்டதும் கொண்டை போட்டு, உதட்டுச் சாயம் பூசி, கல்யாண வீட்டு வாசலில் வரவேற்க நிற்பவள் மாதிரி சிரித்தாள். எதைக் கேட்டாலும், "உங்க எல்லாரோட புண்ணியத்துல நல்லா இருக்கேன்." ரொம்பக் குடைந்தால், "அப்ப உடம்புல காத்து புகுந்திருந்துச்சு, வேற ஒண்ணுமில்ல." அந்த ஊரில் காய்ச்சலும் காற்றுதான், காதல் தோல்வியும் காற்றுதான்.

நிகேனுக்கு எரிச்சல் மண்டியது. "எங்கள் குடும்பத்தில் மனசைப் பற்றி யாரும் வாய் திறப்பதில்லை" என்று மேடை மேடையாகப் பேசியவள் அவள். தான் மூன்று மாதமாகச் சரியாகத் தூங்காததையும், குளியலறையில் குழாயைத் திறந்துவிட்டு அழுவதையும் மட்டும் யாரிடமும் சொன்னதில்லை. அது படத்தில் வராத விஷயமாயிற்றே.

சனிக்கிழமை மதியம் கடைசி முயற்சி.

"அப்பா போனப்ப எத்தனை நாள் அழுதீங்க?"

"எண்ணலையே. நீ தூங்கி எத்தனை நாளாச்சு?"

"படம் என்னைப் பத்தி இல்லம்மா."

"கண்ணைப் பாத்தாலே தெரியுது. காத்து நல்லாவே புகுந்திருக்கு. சட்டையைக் கழட்டிட்டுக் குப்புறப் படு."

எண்ணெய்க் கிண்ணமும் பழைய செப்புக் காசும் வந்துவிட்டன. காசால் முதுகைச் சுரண்டிக் காற்றை வெளியேற்றும் வைத்தியம். மன வலியை முதுகோடு முடித்துக்கொள்ளும் சமூகம் என்று நிகேன் மனசுக்குள் ஒரு வசனமே எழுதிவிட்டாள். டெம்பே என்ற சோயா வறுவலோடு வந்த பக்கத்து வீட்டு வாகியெம் அத்தையைக் ஓடிக்கொண்டிருந்த கேமராவுக்குக் காவல் வைத்துவிட்டுப் படுத்தாள்.

காசு இழுத்த மூன்றாவது கோட்டிலேயே ஏதோ ஆகிவிட்டது. அவளை ஒருவர் தொட்டுப் பல மாதமாகியிருந்தது. தலையணையில் முகம் புதைத்து ஓவென்று அழுதாள். அம்மாவின் கை நிற்கவில்லை.

"அழு. நானும் இப்படித்தான். நீ பள்ளிக்கூடம் போனதும் அரிசிப் பானைக்குள்ள தலையை விட்டுக்கிட்டு அழுவேன், தெருவுக்குக் கேக்கக் கூடாதேன்னு. ரெண்டு தடவை கிணத்தடி வரைக்கும் போயிருக்கேன். சாயந்திரம் நீ பசியோட வருவியேன்னு திரும்பி வந்தேன்."

நிகேன் விருட்டென்று தலை தூக்கினாள். "அத்தை, பதிவாச்சா?"

"நல்லா கேட்ட போ! பொண்ணு கதறி அழுவுறா, அதைப் படம் பிடிச்சுக்கிட்டு நிப்பாங்களா? நீ மூக்கை உறிஞ்சினப்பவே அணைச்சிட்டேன்."

நடுவர்கள், விழா, ஞாயிற்றுக்கிழமை எல்லாம் கண்முன் வந்து போயின. அம்மா கண்ணைத் துடைத்துக்கொண்டு மகளின் முகத்தைப் பார்த்தாள்.

"மறுபடியும் சொல்லட்டுமா?"

நிகேன் திரும்பக் குப்புறப் படுத்தாள்.

"வேண்டாம்மா. இன்னும் பாதி முதுகு இருக்கு."