ஹாம்பர்க் சம்பந்தி

என் மகள் அஞ்சனாவின் மாமியார் ஒரு நடிகை. சாதாரண நடிகை இல்லை. ஹாம்பர்க் மேடைகளில் ராணியாகவும் கொலைகாரியாகவும் வாழ்நாளைக் கழித்தவர். ஜெர்மன் டிவியில் போலீஸ் அதிகாரியாக வந்து வீட்டுக்கு வீடு தெரிந்த முகம். பெயர் ரெனாட்டே. இது முன்பே தெரிந்திருந்தால், எங்கள் அமெரிக்கச் சிற்றூரான மான்மவுத் ஜங்ஷனில் நான் ஒரு நடிகை என்று கல்யாணத்தில் அவரிடம் பீற்றிக்கொண்டிருக்க மாட்டேன்.

அவர் மேடையை விட்டதற்குக் காரணம் ஒரே ஒரு நாடகம். நடுக்காட்சியில் வசனம் மறந்து நின்றுவிட, திரையை இறக்கிவிட்டார்கள். அதன் பிறகு மேடை என்றாலே அவருக்குப் பயம். பேத்தியைப் பார்க்க வந்தவர் இங்கேயே தங்கிவிட்டார்.

எங்கள் தமிழ்ச் சங்கத்தின் இந்த வருடப் பொங்கல் விழாவுக்கு நான் எழுதிய நாடகத்தில் மாமியாராக நடிக்க வேண்டிய பெண், விசா ஸ்டாம்பிங்குக்குச் சென்னை போய் மாட்டிக்கொண்டாள். நாடகமே கவிழ்ந்துவிடும் போலிருந்தது. வேறு வழியில்லாமல் சம்பந்தியிடம் கேட்டேன். நாங்கள் பேசிக்கொள்வது ஆங்கிலத்தில்தான்.

"மறந்துவிட்டால்?" என்றார்.

"மறக்கறதுக்கு ஒண்ணுமே இல்ல. வசனத்தை முன்னாடியே ரெக்கார்ட் பண்ணிடுவோம். ஸ்டேஜ்ல வாயை அசைச்சா போதும்."

என்னை ஏற இறங்கப் பார்த்தார். அந்தப் பார்வை எனக்கு உறைத்தது. ஆனாலும் ஒப்புக்கொண்டார். வசனத்தை ஜெர்மன் எழுத்தில் எழுதிக்கொண்டு, எங்கள் பேஸ்மென்ட்டில் உட்கார்ந்து பேசிப் பதிவு செய்தார். அதற்குப் பிறகும், பேத்தியை ஸ்ட்ரோலரில் வைத்துத் தள்ளிக்கொண்டு போகும்போதெல்லாம் எதையோ முணுமுணுத்தபடியே இருந்தார்.

விழா அன்று ஹைஸ்கூல் ஆடிட்டோரியம் நிரம்பி வழிந்தது. என் காஞ்சிபுரம் பட்டில் ரெனாட்டே வந்து நின்றதுமே விசில் பறந்தது. தஞ்சாவூரிலிருந்து வந்த மாமியார் பாத்திரம் கழுவும் மெஷினோடு சண்டை போடும் காட்சி. பாதியில், ரெக்கார்டிங் ஓடிக்கொண்டிருந்த லேப்டாப் தானாக அப்டேட் ஆக ஆரம்பித்தது. சத்தம் நின்றுவிட்டது.

மகனாக நடித்த வாஞ்சிநாதன் வாயைத் திறந்தபடி நின்றார். இந்த வயதில் மருமகள் வேஷம் போட்டிருந்த எனக்கு, நானே எழுதிய அடுத்த வரி வரவில்லை. ரெனாட்டேயைப் பார்த்தேன். எதற்குப் பயந்து ஓடினாரோ அதிலேயே கொண்டுவந்து தள்ளிவிட்டேனே என்று என்னையே நொந்துகொண்டேன்.

அவர் முந்தானையை இழுத்து இடுப்பில் செருகினார்.

"இந்த மெஷினுக்குப் புளி போட்டுத் தேய்க்கத் தெரியுமாடா?"

மைக் இல்லாமலே கடைசி வரிசைவரை கேட்டது. உச்சரிப்பு கொஞ்சம் முரடு, மிடுக்கு அசல் மாமியார். விழித்துக்கொண்டு நின்ற வாஞ்சிநாதனைக் கட்டிக்கொள்வதுபோல் இழுத்து, அவருடைய வசனத்தை அவர் காதில் ஓதினார். பிறகு என்னுடையதை எனக்கு. ஒரு வார்த்தை தமிழ் தெரியாதவர் மொத்த நாடகத்தையும் மனப்பாடம் செய்து வைத்திருந்தார்!

நடுவில் ரெக்கார்டிங் திரும்பவும் பேச ஆரம்பித்தது. ரெனாட்டே அந்தப் பக்கம் பார்த்து ஒரு முறை முறைத்தார். அணைத்துவிட்டார்கள்.

செயலாளர் மகாதேவன் வழக்கம்போல் நாடகம் முடிவதற்குள்ளேயே மைக்கைப் பிடித்து, "சாப்பாடு ரெடி" என்றார். ஒருவர்கூட எழுந்திருக்கவில்லை. எங்கள் சங்கத்தில் இப்படி நடந்ததே கிடையாது.

திரை விழுந்ததும் ரெனாட்டே மேக்கப் வழிய அழுதார். "எல்லாம் ஞாபகம் இருந்தது ஜலஜா, எல்லாம்," என்று திரும்பத் திரும்பச் சொன்னார். நானும் அழுதேன். வெளியே கைதட்டல் ஓயவில்லை. என்னையும் கையைப் பிடித்து இழுத்தார்.

"எனக்கு இல்ல சம்பந்தி, உங்களுக்குத்தான். போங்க," என்று முதுகில் கைவைத்துத் தள்ளினேன்.

திரையை விலக்கிக்கொண்டு தனியாகப் போனார்.