இலாரியோவின் சொந்தக் குரல்

1

இந்தக் கதையை நான் திருடினேன். எங்கள் கீழ்வீட்டு நடிகர் இலாரியோ பல்தினோத்தி காப்பிக் கடையில் யாரிடமோ சொல்லிக்கொண்டிருந்ததை, செய்தித்தாளுக்குப் பின்னால் முகத்தை மறைத்தபடி கேட்டேன். அவருக்கும் அது தெரிந்திருக்கும். முக்கியமான இடங்களில் என் பக்கம் திரும்பிச் சொன்னார்.

முதலில் இப்படித் தொடங்கினேன்: ‘ரோம் நகரத்தின் மாலை வெயிலில் ஒரு மாபெரும் கலைஞர்…’

(மாபெரும் எல்லாம் இல்லை. எழுபத்திரண்டு படங்களில் நீதிபதி, மாமனார், லஞ்சம் வாங்கும் போலீஸ் அதிகாரி. போஸ்டரில் அவர் பெயரைத் தேடக் கண்ணாடி போட்டுக்கொள்ள வேண்டும்.)

2

நேராகவே சொல்கிறேன். இலாரியோவுக்கு அலமாரி மாதிரி உடம்பு, குருவி மாதிரி குரல். அந்தக் காலத்து எங்கள் படங்களில் முகம் ஒருவருடையது, குரல் வேறொருவருடையது. யாருக்கும் அது குறையாகத் தெரியவில்லை. முப்பது வருடம் இலாரியோவுக்கு டப்பிங் பேசியவர் துவிலியோ. ஆள் குள்ளம், குரல் இடி.

அந்த இடியைத் திரையில் கேட்டு மயங்கித்தான் எர்சிலியா இலாரியோவுக்குக் கடிதம் எழுதினாள். முதல் சந்திப்பில் அவர் வாயைத் திறந்ததும் கேட்டாள்:

“தொண்ட சரியில்லையா?”

“இல்ல. எப்பவும் இப்படித்தான்.”

“சரி, உக்காரு. நின்னுக்கிட்டே பேசாத.”

கல்யாணம் ஆகிவிட்டது.

(இங்கே எர்சிலியாவை நான் நம்பவில்லை. ‘ஒரு குரலைத் தேடி வந்தவள் இத்தனை சுலபமாக…’ என்று எழுதி நிறுத்தினேன். படியில் பார்த்தபோது கேட்டே விட்டேன். “அந்தச் சத்தத்த வீட்டுக்குள்ள வச்சு யாரு தாங்குறது?” என்றாள்.)

3

எழுபத்து மூன்றாவது படம் முடியும் நேரத்தில் துவிலியோ மாரடைப்பில் போய்விட்டார். இயக்குநர் சொன்னார்: “நாலே வரிதானே. நீங்களே பேசிடுங்க.”

பிணவறையில் மகனை அடையாளம் காட்டும் தகப்பன் வேடம். இலாரியோவுக்கு மூன்று நாள் சோறு இறங்கவில்லை. (சோறு எங்கே, அது பாஸ்தா. ஆனால் பாஸ்தா இறங்கவில்லை என்றால் உங்களுக்கு வருத்தம் வராது.)

“சாவு சீன்ல சிரிச்சிருவாங்க, எர்சிலியா.”

“சிரிக்கட்டும். துவிலியோவும் போய்ட்டாரு, இனி உனக்கு யாரு பேசுவா? போய்ட்டு வா.”

போனார். திரையில் தன் உதடுகளைப் பார்த்தபடி, “ஆமா. என் பையன்தான்,” என்றார். ஒலிப்பதிவாளர் இன்னொரு தடவை கேட்கவில்லை. தலையைக் குனிந்துகொண்டு, சுற்ற வேண்டிய அவசியமே இல்லாத டேப்பை வெகுநேரம் சுற்றிக்கொண்டிருந்தார்.

4

படம் வெளியானதும் மதியக் காட்சிக்குக் கணவனும் மனைவியும் போனார்கள். அந்த இடம் வந்தது. யாரும் சிரிக்கவில்லை. அவர்களுக்கு முன் இருக்கையில் இருந்த பெண்மணி ஒருத்தி கண்ணைத் துடைத்துக்கொண்டு தோழியிடம் சொன்னாள்:

“நல்ல நடிகர், பாவம். ஆனா யாரக் கொண்டுவந்து குரல் குடுக்க வச்சாங்களோ, அவருக்குக் கொஞ்சமும் ஒட்டல.”

எர்சிலியா முழங்கையால் இடித்தாள். இலாரியோ முன்னால் குனிந்தார்.

“அம்மா…” என்றார்.

அடுத்து என்ன சொன்னார் என்பது எனக்குத் தெரியும். மூன்று தடவை எழுதிப் பார்த்தேன். மூன்று தடவையும் துவிலியோவின் குரலில்தான் வந்தது. கிழித்துப் போட்டுவிட்டேன்.

அந்த வரியை நீங்கள் சொல்லுங்கள். தப்பாக இருந்தாலும் பரவாயில்லை, சன்னமாகச் சொல்லுங்கள். அந்தப் பெண்மணி இன்னும் திரும்பவில்லை.