கழுத்தில் இல்லாத மணி

கணீர்!

ஒரே ஒரு தடவைதான் அடித்தது. வாரை இறுக்கிக்கொண்டிருந்த ரவ்னாவின் கை அப்படியே நின்றது. சத்தம் ஏரிப் பக்கமிருந்து வந்தது. பனிமானின் கழுத்து மணி. விளிம்பில் கீறல் விழுந்த பித்தளை மணி அது. அடித்து ஓய்ந்த பிறகும் ஒரு நொடி கரகரவென்று இழுக்கும். அந்த இழுவையை அவள் தூக்கத்தில் கேட்டாலும் அடையாளம் சொல்லிவிடுவாள்.

திரும்பிப் பட்டியைப் பார்த்தாள். பதினோரு மான்கள் மூக்கில் ஆவி பறக்க நின்றுகொண்டிருந்தன. ஒன்றின் கழுத்திலும் மணி கிடையாது. ஆறு வருடங்களாகவே கிடையாது. அவள் புருஷன் நீல்லாஸ் ஏரியில் மூழ்கிய வாரமே, மாமனார் மாத்தே எல்லா மணிகளையும் அவிழ்த்து ஒரு வாளியில் போட்டு எங்கேயோ கொண்டுபோய்விட்டார்.

"மாமா, உங்களுக்குக் கேட்டுதா?"

மாத்தே மான்களுக்குப் பாசி மூட்டையைப் பிரித்துக்கொண்டிருந்தார். "என்ன கேக்கணும்?"

"மணி."

"குளிர் இறங்குது. ஏரியில பனிக்கட்டி விரியறப்போ கத்தத்தான் செய்யும்." சொன்னவர் அவள் முகத்தைப் பார்க்கவில்லை. அவள் கையிலிருந்த வாரைப் பார்த்தார். "முசேத்தையா பூட்டுற?"

"பின்ன? வெள்ளையனுக்குக் குளம்பு வீங்கிக் கிடக்கு. முன்னாடி போற பழக்கம் இவனுக்குத்தானே இருக்கு."

"அவன் வேண்டாம். இன்னிக்குப் பயணத்தையே விட்டுடு."

"நல்லா இருக்கே! அஞ்சு பேர் போர்ச்சுகல்லேருந்து வந்து நிக்கிறாங்க. மான் வண்டி, மீன் பிடிக்கிறது, நெருப்புல காபின்னு ஆசை காட்டி வரச்சொல்லிட்டு, இப்ப வீட்டுக்குப் போங்கன்னு சொல்லட்டுமா?"

"காட்டு வழியா போயேன்."

"காட்டு வழியில பைன் மரமெல்லாம் குறுக்க படுத்துக் கிடக்குன்னு நேத்து யார் வந்து சொன்னது? நீங்கதானே? ஏரி வழிதான் மாமா. நீங்க கம்பு நட்ட தடத்துலதான் போகப் போறேன். அதவிட்டு ஒரு அடி நகர மாட்டேன். நான் உங்க பிள்ளை மாதிரி இல்ல."

கடைசி வார்த்தை வாயை விட்டுப் போன பிறகுதான் அவளுக்கே சுருக்கென்றது. மாத்தே மூட்டையைத் தூக்கிக்கொண்டு கொட்டகைக்குள் போய்விட்டார்.

ஆனால் அவள் பொய் சொல்லவில்லை. ஊரே சொன்னதுதான். போலீஸ் காகிதத்திலும் அதுதான் இருந்தது.

சுவோலு ஏரியின் நடுவில் பாறையாய் ஒரு சின்னத் திட்டு உண்டு. குளிர்காலத் தடம் முன்பெல்லாம் அந்தத் திட்டை ஒட்டித்தான் போகும். ஏரி உறைந்ததும் மாத்தே போய் வழி காட்டக் கம்பு நடுவார். கம்பு நட்ட இடத்தில் கண்ணை மூடிக்கொண்டு போகலாம் என்பது அந்தப் பக்கத்து வழக்கம். ஆறு வருடம் முன்பு ஏரி சரியாக உறைவதற்குள் பனி கொட்டிவிட்டது. மேலே கம்பளி போர்த்தியதுபோல் பனி கிடந்தால் அடியில் பனிக்கட்டி தடிக்காது. திட்டுக்கு அப்பால் நீரோட்டம் வேறு உண்டு. "அதனால்தான் அந்த வருஷம் தடத்தை மேற்கே தள்ளி நட்டேன், திட்டுப் பக்கம் காலே வைக்கவில்லை" என்று மாத்தே சொன்னார். மலையில் மந்தையோடு ஒரு மாதம் இருந்துவிட்டு வந்த நீல்லாஸ், கம்புகளைப் பார்க்காமல் பழைய வழியில் போயிருக்கிறான். அவன் பையில் பாதி காலியான புட்டி இருந்தது. உடல் மே மாதம் கிடைத்தது. வண்டியை இழுத்த முசேத் வாரை அறுத்துக்கொண்டு தனியாக வீடு வந்து சேர்ந்தது. அதன் கழுத்திலிருந்த கீறல் மணி மட்டும் கிடைக்கவே இல்லை.

குடித்துவிட்டுத் தடம் மாறியவன். ஆறு வருடங்களாக ரவ்னா அவன் பேரைச் சொன்னதில்லை. அவன் படத்தையும் சுவரிலிருந்து கழற்றிவிட்டாள். அழுவதற்குக்கூடக் கோபம் விடவில்லை.

ஐந்து பேரும் பொம்மைபோல் உடுப்புக்கு மேல் உடுப்பு மாட்டிக்கொண்டு வந்தார்கள். டியோகோ என்ற தாடிக்காரன்தான் கூட்டத்தில் வாயாடி. கழுத்தில் பெரிய கேமரா. அவன் மனைவி ஃபிலிப்பா அவனை அதட்டிக்கொண்டே இருப்பாள். புறப்படுவதற்கு முன் முற்றத்தில் நட்ட மான் கொம்பின்மேல் சுருக்குக் கயிறு வீசக் கற்றுக்கொடுத்தாள் ரவ்னா. டியோகோ வீசிய கயிறு பத்துத் தடவையும் அவன் காலிலேயே சுற்றிக்கொண்டது.

"இவரைப் பிடிக்கக் கயிறே வேண்டாம், தானா மாட்டிப்பார்" என்றாள் ஃபிலிப்பா.

"உன்கிட்ட மாட்டின அனுபவந்தான்!" என்றான் அவன்.

சிரிப்போடுதான் கிளம்பினார்கள். முன் வண்டியில் ரவ்னாவும் முசேத்தும். பின்னால் ஒன்றோடொன்று கட்டிய மூன்று மான் வண்டிகள். பதினோரு மணிக்குத் தெற்கு மலைக்குப் பின்னால் வானம் கொஞ்சம் ரோஜா நிறம் காட்டியது. அன்றைய பகல் அவ்வளவுதான். மற்ற திசையெல்லாம் நீலம். பனியும் நீலம், மானின் முதுகும் நீலம்.

ஏரிமேல் கால் மணி நேரம் போனதும் தடத்தின் ஓரத்தில் நிறுத்திப் பனிக்கட்டியில் திருகால் துளை போட்டாள். திருகு முழங்கால் ஆழம் இறங்கின பிறகுதான் தண்ணீர் வந்தது. இரும்புபோல் கட்டி. விருந்தாளிகள் குட்டித் தூண்டில்களோடு மான்தோல் விரித்து உட்கார்ந்தார்கள். பத்து நிமிடத்தில் ஃபிலிப்பா விரல் நீளத்துக்கு ஒரு மீன் பிடித்துவிட்டு ஊரையே கூட்டினாள். பிறகு திடீரென்று தலையைச் சாய்த்துக் கேட்டாள்.

"மானுக்கு மணி கட்டியிருக்கீங்களா? இனிமையா இருக்கு சத்தம்."

ரவ்னா சட்டென்று எழுந்தாள். "எங்க கேக்குது?"

ஃபிலிப்பா திட்டு இருந்த பக்கம் கையைக் காட்டினாள்.

"ஏரியில பனிக்கட்டி விரியுது" என்றாள் ரவ்னா. மாமனார் சொன்ன அதே வார்த்தை. அவள் நாக்கில் அது பொய்யாகத்தான் ருசித்தது. "கிளம்பலாம், ஏறுங்க."

கிளம்பினார்கள். நூறடி போயிருக்கமாட்டார்கள், முசேத் நின்றது. காதை முன்னால் விறைத்தது. பிறகு யாரோ கூப்பிட்டதுபோல் தடத்தைவிட்டு வலப்பக்கம் திரும்பி நடக்கத் தொடங்கியது.

"ஏய்! முசேத்! இந்தப் பக்கம்!"

கயிற்றை இழுத்தாள். எழுந்து நின்று முழுப் பலத்தோடு இழுத்தாள். கழுத்து வளைந்ததே தவிரக் கால் வளையவில்லை. ஓடவில்லை, மிரளவில்லை. வீட்டுக்குப் போகிற மாடுபோல் நிதானமாக நடந்தது. பின்னால் கட்டியிருந்த மூன்றும் பேசாமல் அதைத் தொடர்ந்தன. கம்புகள் இடப்பக்கம் தள்ளித் தள்ளிப் போய்ச் சிறுத்தன.

திட்டின் அடியில் வந்ததும் முசேத் தானாகவே நின்றது. அதற்கு மேல் ஓர் அங்குலம் வைக்கவில்லை. நான்கு காலும் நடுங்கின.

பழைய வழி. நீல்லாஸ் போன வழி. மான் மறக்கவில்லை.

"யாரும் இறங்காதீங்க" என்று கத்திவிட்டு ரவ்னா குதித்தாள். வண்டிகளைத் திருப்ப வேண்டும். முசேத்தின் தலைக்கயிற்றைப் பிடித்தபடி நிமிர்ந்தவளின் கண்ணில்தான் அது பட்டது. திட்டின் உச்சியில், கற்களுக்கு நடுவே செருகிய ஒரு கம்பு. ஏரிமேல் நட்டதெல்லாம் கோடையில் பனிக்கட்டி உருகியதும் மிதந்து போய்விடும். பாறையில் செருகியது போகாது. கம்பின் தலையில் ஒரு துணி, உறைந்து தகடாகி, காற்றில் படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது.

அவள் கல்லில் ஏறினாள். கையுறையால் உறைபனியைத் தேய்த்தாள்.

நீலப் பூ.

அவள் சமையலறை ஜன்னலில் தொங்கிய திரைச்சீலை. அந்த வருடம், அந்த ஒரே வருடம், மாமனார் கம்புக்குத் துணி கேட்டபோது அவள்தான் பழசாகிப்போன அதைக் கழற்றிக் கீற்றுக் கீற்றாய்க் கிழித்துக் கொடுத்தாள். "இந்தப் பூவப் பாத்தா மானுக்கே பசி எடுக்கும்" என்று அவர் சிரித்ததுகூட நினைவிருந்தது. அதற்கு முந்தைய வருடம் சிவப்பு. அடுத்த வருடம் மஞ்சள். நீலப் பூ அந்த வருடம் மட்டும்தான்.

திட்டுப் பக்கம் காலே வைக்கவில்லை என்று சொன்னாரே?

"ரவ்னா! அங்க ஒரு மான் நிக்குது பாருங்க!"

டியோகோவின் குரல். அவன் இறங்கியிருந்தான். இறங்கியது மட்டுமா, கேமராவைக் கண்ணில் வைத்தபடி திட்டைத் தாண்டி இருபது அடி போய்விட்டிருந்தான். அவன் காட்டிய பக்கம் நீல மங்கலைத் தவிர ஒன்றும் இல்லை. அந்த மங்கலுக்குள்ளிருந்து மணி அடித்தது. கணீர், அப்புறம் அந்தக் கரகர.

கூடவே இன்னொரு சத்தம். அடியில் ஏதோ நெரிகிற சத்தம்.

"அசையாதே! படு! வயித்துமேல படு!"

அவன் சிரித்தபடி திரும்பினான். பிறகு குனிந்து தன் காலைப் பார்த்தான். பூட்ஸைச் சுற்றிப் பனி சாம்பல் நிறமாக நனைந்துகொண்டிருந்தது. சிரிப்பு போய்விட்டது. படுத்தான்.

ரவ்னா வண்டியிலிருந்த சுருக்குக் கயிற்றை உருவினாள். முதல் வீச்சு குறைந்து விழுந்தது. இரண்டாவது அவன் தோளில் விழுந்தது. "கையை உள்ள விடு! விட்டியா? பின்னாடியே தவழ்ந்து வா!" ஃபிலிப்பா ஓடிவந்து அவள் இடுப்பைப் பிடித்துக்கொண்டாள். இருவரும் இழுத்தார்கள். அவன் மீன்போல் வழுக்கிக்கொண்டு திட்டின் அடிக்கு வந்து சேர்ந்தான். அவன் படுத்திருந்த இடம் மெல்ல உள்வாங்கி, கறுப்பாய்த் தண்ணீர் எட்டிப் பார்த்தது. கேமரா அதற்குள்தான் போனது.

"சொன்னேன் இல்ல, கயிறு வேண்டாம்னு" என்று ஃபிலிப்பா அவன் மார்பில் குத்திக் குத்தி அழுதாள். அவனுக்குப் பல் கிட்டிப்போயிருந்தது.

ரவ்னா கம்பிலிருந்த துணியை அவிழ்த்துக் கையுறைக்குள் திணித்துக்கொண்டாள். வந்த சுவட்டிலேயே வண்டிகளைத் திருப்பினாள். முசேத் இப்போது சொன்னதைக் கேட்டது. கரை வரும்வரை அவள் திரும்பிப் பார்க்கவில்லை. அவளுக்குப் பின்னால் நெடுநேரம் ஏதோ நடந்து வருவதுபோலவே இருந்தது.

குடிசையில் நெருப்பு எரிந்தது. மாத்தே சூப்பும் காபியும் தயாராக வைத்திருந்தார். டியோகோவைக் கம்பளியில் சுற்றி அடுப்பருகே உட்கார வைத்தார்கள். உயிர் திரும்பியதும் வாயும் திரும்பிவிட்டது. கேமராவுக்கு இரங்கல் கூட்டம் நடத்தத் தொடங்கினான்.

"திட்டுக்குப் போயிட்டானா முசேத்?" வாசலில் நின்று மாத்தே மெதுவாகக் கேட்டார். யாரும் இன்னும் அவரிடம் எதையும் சொல்லியிருக்கவில்லை.

ரவ்னா அவரைக் கொட்டகைக்குள் அழைத்துப்போனாள். கையுறையைக் கழற்றினாள். உடம்புச் சூட்டில் இளகியிருந்த துணியை அவர் உள்ளங்கையில் வைத்தாள். அவர் விரல்கள் மூடவும் இல்லை, உதறவும் இல்லை. நீலப் பூவைப் பார்த்தபடியே வைக்கோல் கட்டின்மேல் உட்கார்ந்தார்.

"அந்த வருஷம் நீங்க தடத்தத் தள்ளி நட்டீங்கன்னு சொன்னீங்க."

மாத்தே துணியைப் பிரித்து முழங்கால்மேல் விரித்தார்.

"துளை போட்டுப் பாத்தீங்களா மாமா? ஒரு துளை?"

"முப்பது வருஷமா அதே தடம், ரவ்னா. கை பழகின இடம். பனி வேற கொட்டிட்டு இருந்துது. அதே இடத்துல நட்டுட்டு வந்துட்டேன்."

"அப்ப அவன் கம்பப் பாத்துதான் வந்திருக்கான்." அவள் ஒரு அடி முன்னால் வந்தாள். "நீங்க நட்ட கம்பப் பாத்து. ஆறு வருஷம் நான் அவனைத் திட்டறப்பெல்லாம் பக்கத்துல உக்காந்து காபி குடிச்சீங்களே!"

வெளியே முசேத் காலைத் தட்டியது. ஏரிப் பக்கமிருந்து, கணீரென்று ஒரு தடவை. இந்தத் தடவை கிழவரின் தோள் வெட்டி இழுத்ததை அவள் பார்த்துவிட்டாள்.

"போலீஸ் வர்றதுக்குள்ள மத்த கம்பையெல்லாம் பிடுங்கி மேற்க நட்டுட்டேன், திட்டுல இருந்த ஒண்ண மட்டும் ஆறு வருஷமா எடுக்க முடியல, கிட்டப் போனாலே அவன் மணிய அடிக்கிறான்."